ஜுவைரியாவின் அம்புக்குறி

மரக்காணம் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே என் கடை. பலகையில் ‘தமீம் அன்சாரி செல்போன் சர்வீஸ், எல்லா மாடலும் அன்லாக் செய்து தரப்படும்’ என்று எழுதியிருக்கும். எல்லா மாடலும் என்பது கொஞ்சம் கூடுதல்தான். சொந்தப் பலகையில் பெருமை பேசாமல் வேறு எங்கே போய்ப் பேசுவது? இந்த ஊர் செல்போன்களுக்கு வருகிற வியாதி பெரும்பாலும் ஒன்றுதான், உப்புக்காற்று. உப்பளத்தில் வேலை செய்கிறவர்கள் இடுப்பில் செருகிக்கொண்டு போகிற போனைத் திறந்தால் உள்ளே போர்டு பச்சை பூத்துக் கிடக்கும். பெட்ரோலையும் பழைய டூத் பிரஷ்ஷையும் வைத்துத் தேய்த்துத் தேய்த்தே என் பாதி நாள் போய்விடும். மீதி நாள், ‘நேத்துதானே ரிப்பேர் பண்ணேன்’ என்று சண்டைக்கு வருகிறவர்களோடு போகும். எனக்குக் கோபம் சட்டென்று வரும் என்று ஊரில் எல்லோருக்கும் தெரியும். அதற்கு நான் மட்டும் காரணமில்லை என்பதும் தெரிந்தால் நன்றாக இருக்கும்.

என் தங்கை ஜுவைரியாவை என் பள்ளிக்கூடத்துச் சிநேகிதன் தௌபீக்குக்குத்தான் கட்டிக் கொடுத்தோம். அவன் ஷார்ஜாவில் வாடகைக் கார் கம்பெனி ஒன்றில் டிரைவர். ஏர்போர்ட்டில் இறங்குகிறவர்களுக்குக் காரைக் கொண்டுபோய்க் கொடுப்பதும் திரும்ப எடுத்து வருவதும் வேலை. அந்தக் கார்களின் முன்கண்ணாடியில் வழிகாட்டும் ஜி.பி.எஸ். பெட்டி ஒன்று ஒட்டியிருக்கும். உள்ளங்கையை விடக் கொஞ்சம் பெரிது. அடுத்த தெருவில் வலப்பக்கம் திரும்பு என்று ஒரு பெண் குரல் இங்கிலீஷில் சொல்லும். கம்பெனி புது மாடலுக்கு மாறியபோது பழைய பெட்டிகளை மூட்டை கட்டி ஸ்டோர் ரூமில் போட்டுவிட்டார்கள். தௌபீக் மேனேஜரிடம் கேட்டு ஆறேழு பெட்டிகளை வாங்கி, லீவில் ஊருக்கு வருகிறவர்களிடம் ஒவ்வொன்றாக எனக்குக் கொடுத்தனுப்பினான். கொண்டுவந்தவர்களில் பாதிப் பேர் அதைக் குட்டி டி.வி. என்று நம்பினார்கள். “இதுல சீரியல் வருமாப்பா?” என்று ஒருத்தர் என் கடையிலேயே உட்கார்ந்து திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

சீரியல் என்ன, இங்கே அதில் எதுவுமே வராது. அதற்குத் தெரிந்த உலகம் துபாயும் ஷார்ஜாவும் அதைச் சுற்றியுள்ள ஊர்களும்தான். மரக்காணத்தில் வைத்து உயிர் கொடுத்தால் வெறும் மஞ்சள் திரையைக் காட்டிக்கொண்டு விழிக்கும். ஆனால் அதற்குள்ளே இருப்பது ஒரு சின்னக் கம்ப்யூட்டர். அதன் மேல் மேப் புரோகிராமைப் போட்டு, வேறு எதுவும் ஓடாதபடி பூட்டி வைத்திருக்கிறார்கள், அவ்வளவுதான். அந்தப் பூட்டைத் திறக்கிற புரோகிராம் ஒன்றை எவனோ ஒரு புண்ணியவான் எழுதி இன்டர்நெட்டில் சும்மா போட்டு வைத்திருந்தான். ரஷ்யாக்காரனோ போலந்துக்காரனோ, அவனுடைய இங்கிலீஷ் என்னுடையதை விட மோசம். பாண்டிச்சேரி பிரௌசிங் சென்டரில் அதை இறக்கி மெமரி கார்டில் ஏற்றிப் பெட்டியில் செருகினால், மேப் வருவதற்கு முன்னாலேயே முந்திக்கொண்டு கதவைத் திறந்துவிடும். பிறகு பாட்டுப் போடலாம், போட்டோ பார்க்கலாம், பூமியில் நாம் நிற்கிற இடத்தை எண்ணாகக் காட்டுகிற இலவசப் புரோகிராமை ஓடவிடலாம். இரண்டு பெட்டிகளைப் பாழாக்கிய பிறகுதான் எனக்கு இது கைவந்தது.

அந்த எண்ணால் யாருக்கு லாபம் என்று கேட்டால், குப்பத்து மீனவர்களுக்கு. வலை போட்ட இடத்தைக் கடலில் மறுபடி கண்டுபிடிக்க வேண்டும் அல்லவா? அவர்களுக்காக அந்தப் புரோகிராமை எவ்வளவு சுருக்க முடியுமோ அவ்வளவு சுருக்கினேன். திரையின் கீழே ஒரே ஒரு பெரிய பட்டன். அதை அழுத்திப் பிடித்தால் நிற்கிற இடம் பதிவாகும். அதற்கப்புறம் எங்கே போனாலும், பதிந்த இடம் எவ்வளவு தூரம் என்று ஓர் எண்ணும், எந்தப் பக்கம் என்று ஓர் அம்புக்குறியும் தெரியும். ஒரே ஓர் இடம்தான் மனதில் நிற்கும். மறுபடி அழுத்தினால் பழையது போய் புதியது உட்காரும். காரில் ஓட வேண்டிய பெட்டி படகில் ஓடியது. கம்பெனிக்காரன் பார்த்தால் என்ன சொல்வானோ, எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது.

2005 பிப்ரவரியில் தௌபீக் லீவில் வந்தான். சுனாமி அலை வந்து போய் இரண்டு மாதம் ஆகியிருக்கவில்லை, கடற்கரை பக்கம் போகவே ஊர் பயந்துகொண்டிருந்தது. அவன் நேராக என் கடைக்கு வந்து, “மச்சான், படகுக்காரங்களுக்குப் பண்ணிக் குடுத்தியே, அதே மாதிரி எனக்கும் ஒண்ணு பண்ணிக் குடுடா” என்றான்.

“உனக்கெதுக்குடா? நீ என்னா பாலைவனத்துல வலை போடப் போறியா?”

“வூட்டு வாசல்ல வெச்சு அமுக்கி எடுத்துக்கினு போறேன். அங்கேருந்து எந்தப் பக்கம் வூடுன்னு தெரியும்ல.”

பைத்தியக்காரா என்று திட்டிவிட்டுச் செய்து கொடுத்தேன். பெயர் போடுகிற இடத்தில் ஆங்கில எழுத்தில் ‘வீடு’ என்று அடித்தேன். கிளம்புகிற அன்று வாசலில் நின்று பட்டனை அழுத்திப் பிடித்தான். ஜுவைரியா கதவுக்குப் பின்னாலிருந்து சிரித்தாள். கல்யாணமாகி மூன்று வருஷத்தில் அவன் அவளோடு இருந்தது எல்லாம் சேர்த்து ஆறு மாதம்கூட இருக்காது.

அதற்கப்புறம் வெள்ளிக்கிழமை ஜும்மா முடிந்து போன் பண்ணும்போதெல்லாம் அவள் முதலில் கேட்பது, “இன்னிக்கு எவ்ளோ?” என்றுதான். அவன் எண்ணைச் சொல்வான். ஷார்ஜாவில் இருந்தால் இரண்டாயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபது கிலோமீட்டர். அபுதாபிக்கு வண்டி கொண்டுபோனால் மூவாயிரத்தைத் தாண்டிவிடும், அன்றைக்கு இவளுக்கு முகம் வாடும். மலையைத் தாண்டி அந்தப் பக்கக் கடற்கரையில் இருக்கிற புஜைராவுக்குப் போனால், “இன்னிக்கு நூறு கிலோமீட்டர் உன் பக்கத்துல வந்துட்டேன்” என்பான். “அப்படியே வந்துடுங்களேன்” என்பாள். அவள் மாமியார் ஜெயினம்பு மாமி, “ரெண்டுக்கும் லூசு புடிச்சிருக்குது” என்று என்னிடம் சொல்லுவார், ஆனால் போன் வந்தால் அடுப்பைச் சின்னதாக வைத்துவிட்டு அவரும் காது கொடுத்துக் கேட்டுக்கொண்டிருப்பார்.

2006 ஜனவரியில் ஒரு நாள் புஜைரா ரோட்டில் தௌபீக் ஓட்டிப்போன காரின் மேல் மணல் லாரி ஏறியது. அந்த இடத்திலேயே போய்விட்டான்.

அவனோடு ஒரே ரூமில் தங்கியிருந்த சரத்குமார்தான் எனக்குப் போன் பண்ணினான். அவன் கீழ்புத்துப்பட்டுக்காரன், அதே கம்பெனியில் மெக்கானிக். உடம்பை ஊருக்கு அனுப்ப வேண்டுமென்றால் பேப்பர் வேலைக்கே எத்தனை நாள் ஆகுமோ தெரியாது என்றான். மையித்தைக் காக்கவைக்கக் கூடாது என்று பெரியவர்கள் கூடிப் பேசினார்கள். தௌபீக்கைப் பெற்ற அத்தா பக்கீர் முஹம்மது போனை வாங்கி, “அங்கயே அடக்கம் பண்ணிடுங்க தம்பி” என்றார். சொல்லிவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார். இதெல்லாம் முன்கூடத்தில் நடந்தது. உள்ளே இருந்த ஜுவைரியாவை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

எல்லாம் முடிவான பிறகு நான் போய்ச் சொன்னேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டு, “முகத்தத்தான் காட்ட மாட்டீங்க. எங்க வெக்கிறாங்கன்னாவது எனக்குத் தெரியணும்ணா” என்றாள். “எங்கன்னு தெரியாம நான் எந்தப் பக்கம் பாத்து ஓதுவேன்?”

உடனே சரத்குமாரைக் கூப்பிட்டேன். ஆஸ்பத்திரியில் கொடுத்த பையில் அந்தப் பெட்டி இருந்தது, ஒரு மூலை கீறியிருந்தாலும் உயிர் இருந்தது. “அடக்கம் பண்ணதும் கபராண்ட நின்னு கீழ இருக்கிற பட்டன அமுக்கிப் புடிடா. வேற எதையும் தொடாத. ஊருக்கு வர்ற ஆள்கிட்ட குடுத்தனுப்பு” என்றேன். “சரிண்ணா” என்றான். அன்றைக்கு எனக்கு அதைத் தவிர அவளுக்குச் செய்யக்கூடியது எதுவும் இருக்கவில்லை.

கணவன் இறந்தால் மனைவி நாலு மாதம் பத்து நாள் வீட்டைவிட்டு வெளியே வராமல் இத்தா இருக்க வேண்டும். ஜுவைரியா மாமியார் வீட்டில் இத்தா உட்கார்ந்தாள். அப்போது அளத்தில் சீசன் ஆரம்பித்திருந்தது. ரோட்டின் இரண்டு பக்கமும் உப்பு குவிந்துகொண்டே போனது, லாரிகள் வந்து நின்றன, பெண்கள் தலையில் கூடையோடு வரப்பில் வரிசையாகப் போனார்கள். நான் தினமும் கடையைச் சாத்தினால் அவளைப் பார்த்துவிட்டுத்தான் வீட்டுக்குப் போவேன். பேச ஒன்றும் இருக்காது. “மெஷினு வந்துச்சாண்ணா?” என்பாள். இல்லை என்பேன். எங்கள் பேச்சு அவ்வளவுதான்.

மாசி பிறந்து பெட்டி வந்தது. அதற்குச் சார்ஜர் காரில் செருகுகிற மாதிரிதான் உண்டு. ஒரு பழைய பைக் பேட்டரியில் ஒயர் இழுத்து ஏற்பாடு பண்ணி எடுத்துக்கொண்டு போனேன். கூரைக்குக் கீழே அதற்குச் சிக்னல் எடுக்காது, வானம் தெரிய வேண்டும். கொல்லையில் நின்று ஆன் செய்தோம். வெகுநேரம் தேடிவிட்டு எண் வந்தது. ‘வீடு’ என்று பெயர், கீழே இரண்டாயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபது.

சரத்குமார் அழுத்தியதும் பழைய இடம் போய்ப் புது இடம் உட்கார்ந்துவிட்டது. பெயர் மட்டும் அப்படியே நின்றுவிட்டது. தௌபீக் அங்கிருந்து இவளைப் பார்த்த அதே தூரத்தில் இப்போது இவள் இங்கிருந்து அவனைப் பார்க்கிறாள். “பேர மாத்திடறேன் குடு” என்று கையை நீட்டினேன்.

“இருக்கட்டும்ணா. எந்தப் பக்கம்னு காட்டு.”

அங்கேதான் இன்னொரு சிக்கல். அது காருக்குச் செய்த பெட்டி. நகர்ந்தால்தான் அதற்குத் திசை தெரியும். நின்றால் அம்புக்குறி தலைசுற்றி விழுகிற மாதிரி எல்லாப் பக்கமும் காட்டும். “நடக்கணும் ஜுவைரியா. நேரா கொஞ்ச தூரம் நடந்தாத்தான் சரியா காட்டும்” என்றேன். இத்தாவில் இருக்கிறவள் எங்கே போய் நடப்பது? துணி துவைக்கிற கல்லிலிருந்து கடைசித் தென்னை வரைக்கும் நடந்தாள். அம்புக்குறி ஆடி ஆடி ஒரு நிலைக்கு வருகிற நேரத்தில் மதில் வந்துவிடும். திரும்பி நடந்தாள். மறுபடி ஆடியது. நாலைந்து தடவை போய் வந்த பிறகு பிடிபட்டது. நாம் தொழுகைக்கு நிற்கிற திசைக்குக் கொஞ்சம் வலப்பக்கம், பக்கத்து வீட்டு முருங்கை மரத்துக்கு நேராக. அவள் அந்த மரத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். எனக்கு அவள் முகத்தைப் பார்க்கத் தெம்பில்லை, ஒயரைச் சுற்றுகிற சாக்கில் குனிந்துகொண்டேன்.

அன்றிலிருந்து தினமும் சாயங்காலம் அஸர் தொழுதுவிட்டுக் கொல்லையில் நடந்தாள். திசை தெரிந்த பிறகும் எதற்கு நடக்கிறாய் என்று கேட்டேன். “அது சரியா காட்டுறவரைக்கும் நடந்துட்டு ஓதுனாத்தான் எனக்கு மனசு நிக்குது” என்றாள். ஜெயினம்பு மாமிக்கு இது பிடிக்கவில்லை. “இத்தாவுல இருக்கிற பொண்ணு இப்பிடி கொல்லையில நடையா நடந்தா பாக்கிறவங்க என்னாம்மா சொல்லுவாங்க?” என்று முணுமுணுத்தார். மூன்று நாள் முணுமுணுத்தார். நாலாவது நாள் தானே வந்து, “எந்தப் பக்கம்னு எனக்கும் காட்டு” என்றார். பிறகு சாயங்காலம் ஆனால் ஒரு பலகையைப் போட்டு முருங்கை மரத்தைப் பார்த்து உட்கார்ந்து தஸ்பீஹ் மணியை உருட்டுவார். பெற்றவள் இல்லையா, அவரையும் முகம் பார்க்க விடவில்லையே நாங்கள்.

இவ்வளவு தூரம் வந்ததற்கு, அந்தக் கபர் இருக்கிற இடத்தையே படமாகக் காட்டினால் என்ன என்று எனக்கு ஓர் ஆசை வந்தது. அப்போதுதான் இன்டர்நெட்டில், ஓர் இடத்தின் எண்ணை அடித்தால் வானத்திலிருந்து எடுத்த போட்டோவைக் காட்டுகிற புரோகிராம் வந்திருந்தது. பெட்டியில் பதிந்திருந்த எண்ணைக் கையில் எழுதிக்கொண்டு பாண்டிச்சேரிக்கு பஸ் ஏறினேன். கலர் பிரிண்ட் எடுத்துச் சட்டம் போட்டுக் கொடுத்துவிடலாம் என்று திட்டம்.

பிரௌசிங் சென்டரில் படம் கட்டம் கட்டமாக இறங்கியது. முதலில் எல்லாம் மணல் நிறம். பிறகு ஒரு ரோடு தெரிந்தது. ரோட்டுக்கு ஒரு பக்கம் நீளமாக ஒரு மதில். மதிலுக்குள்ளே சின்னச் சின்னக் கோடுகளாக வரிசை வரிசையாகக் கபர்கள். நான் அடித்த எண்ணின் புள்ளி மட்டும் அதற்குள்ளே இல்லை. அது மதிலுக்கு வெளியே, ரோட்டோரமாக நின்றது.

எண்ணைத் தப்பாக அடித்துவிட்டேனோ என்று மறுபடி அடித்தேன். அதே இடம். இந்தப் பெட்டிகள் கொஞ்சம் முன்னேபின்னே காட்டும்தான், ஆனால் மதிலுக்கும் முதல் வரிசைக்குமே நடுவில் ஒரு மைதானம் காலியாகக் கிடந்தது. முன்னேபின்னே என்று சொல்லித் தப்பிக்க வழியில்லை. சரத்குமார் உள்ளே போகவே இல்லை. ரோட்டில் நின்று ஒப்புக்கு அமுக்கிவிட்டு வந்திருக்கிறான். எனக்குத் தலைக்கு ஏறியது. அங்கேயே பூத்திலிருந்து அவனுக்குப் போன் போட்டேன். “டேய், ஒரு பட்டன அமுக்கச் சொன்னா உனக்கு அதுக்குக்கூடத் துப்பில்லையா? ரோட்டுல நின்னாடா அமுக்குவ?” என்று கத்தினேன். “லீவுல வர்றேண்ணா. நேர்ல சொல்றேன்” என்று மட்டும் சொன்னான்.

பிரிண்ட் எடுக்காமல் திரும்பினேன். ஜுவைரியாவிடம் சொல்வதா வேண்டாமா என்று கோட்டக்குப்பம், பொம்மையார்பாளையம் என்று பஸ் நின்ற ஊரிலெல்லாம் யோசித்துக்கொண்டே வந்தேன். யோசித்தது வீண். வாசலில் கால் வைத்ததுமே, “என்னாண்ணா, மூஞ்சி ஒருமாதிரி இருக்குது?” என்றாள். கோபத்தை எனக்கு எப்போதும் மறைக்கத் தெரியாது. அப்படியே கொட்டிவிட்டேன்.

அவள் கத்தவில்லை. “அப்ப இத்தன நாளா நான் ரோட்டப் பாத்தா ஓதிட்டிருந்தேன்?” என்று கேட்டாள். பெட்டியை ஒரு துணியில் சுற்றி பீரோவில் வைத்துப் பூட்டினாள். மறுநாள் கொல்லைக்குப் போகவில்லை. ஜெயினம்பு மாமி பலகையைப் போட்டு உட்கார்ந்துகொண்டு, “மெஷினு எங்கம்மா?” என்று கேட்டதற்கு, “சார்ஜ் இல்ல மாமி” என்றாள். மாமி என்னைப் பார்த்தார். “நாளைக்கு ஏத்திட்டு வர்றேன் மாமி” என்று நானும் சொன்னேன். அவர் நம்பிக்கையோடு முருங்கை மரத்தைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். அன்றைக்கு முகம் பார்க்க விடாமல் ஒரு தடவை அடக்கம் பண்ணினோம், இப்போது நான் பாண்டிச்சேரி போய் இன்னொரு தடவை அடக்கம் பண்ணிவிட்டு வந்திருக்கிறேன் என்றுதான் தோன்றியது. சரத்குமார் மட்டும் அப்போது கையில் கிடைத்திருந்தால் என்ன செய்திருப்பேனோ.

மே மாதம், இத்தா முடிய இன்னும் சில நாள் இருக்கும்போது அவன் வந்தான். மத்தியான வெயிலில் கடை வாசலில் ஒரு பையோடு நின்றான். ஆள் பாதியாக இளைத்திருந்தான். நான் அதையெல்லாம் பார்க்கவில்லை. ரிப்பேருக்குக் காத்திருந்தவர்கள் முன்னாலேயே வாயில் வந்ததைச் சொல்லித் திட்டினேன். தலையைக் குனிந்து கேட்டுக்கொண்டு நின்றான். நான் மூச்சு வாங்கிய இடைவெளியில், “வூட்டுக்குப் போலாம்ணா. அண்ணிகிட்டதான் சொல்லணும்” என்றான்.

இத்தாவில் இருக்கிறவள் அந்நிய ஆண் முன்னால் வர மாட்டாள். அவனை முன்கூடத்தில் உட்கார வைத்தேன். ஜுவைரியா உள்ளறைத் திரைக்குப் பின்னால் வந்து உட்கார்ந்தாள். பையில் தௌபீக்கின் சட்டைகள் இருந்தன, துவைத்து இஸ்திரி போட்டு மடித்திருந்தான். அதைத் திரைக்கு அருகில் நகர்த்தி வைத்துவிட்டு, தரையைப் பார்த்துக்கொண்டே பேசினான்.

“மையித்து போன வேன்லதான் அண்ணி நானும் போனேன். கேட்டாண்ட எறக்குனாங்க. மலையாளத்துக்காரங்க, பாகிஸ்தான்காரங்க, எல்லாரும் தோள் மாத்தித் தோள் மாத்தித் தூக்கினு உள்ள போனாங்க. எனக்கு நான் உள்ள போலாமா கூடாதான்னு தெரியல. நம்மூர்லயும் நான் உங்க கபர்ஸ்தானுக்குள்ள போனதில்லீங்க. யாரையாச்சும் கேக்கலாம்னா வாய் வரல. நான் பாட்டுக்குப் போயி, அதனால அவனுக்கு ஏதாச்சும் கொறையாயிட்டா? அதான், செருப்பக் கழட்டிட்டு செவத்தாண்டயே நின்னுட்டேன்.”

“யாராச்சும் வராதன்னு சொன்னாங்களாடா?” என்றேன்.

“யாரும் சொல்லலண்ணா. நானாத்தான் நின்னுட்டேன்.”

“அப்பறமா போயி அமுக்கியிருக்கலாமில்ல?”

“அப்பறமா போனேண்ணா. ஒரு மலையாளத்து அண்ணன்கிட்ட கேட்டதுக்கு, தாராளமா போப்பான்னு சொன்னாரு. உள்ள போனேன். அதுக்குள்ள பக்கத்துல நெறைய புதுசு வந்துடுச்சு. எல்லாம் ஒரே மாதிரி மண்ணு, பேரு கெடையாது. எது அவன்னு எனக்குத் தெரியல. அந்த அண்ணனுக்கும் தெரியல. தப்பா எதையோ அமுக்கி, அதப் பாத்து நீங்க ஓதறதா? அன்னிக்கு நின்ன எடமே இருக்கட்டும்னு அனுப்பிட்டேன். உங்ககிட்ட சொல்லத்தான் தைரியம் வரல.”

ஆக, இனி எந்தப் பெட்டியை வைத்து எந்தப் பூட்டைத் திறந்தாலும் தௌபீக்கின் கபர் எது என்று எங்களுக்குத் தெரியப்போவதில்லை. நான் திட்டுவதற்கு வாயைத் திறந்தேன். இவன் மேல் கோபப்பட்டு என்ன ஆகப் போகிறது? கோபமும் போன பிறகு எனக்குப் பிடித்துக்கொள்ள ஒன்றுமே இல்லாமல் போனது.

திரைக்குப் பின்னாலிருந்து ஜுவைரியா கேட்டாள். “நீங்க நின்ன எடத்துலேருந்து அவரு தெரிஞ்சாரா?”

“தெரிஞ்சான் அண்ணி. செவுரு ஒசரமில்ல, நெஞ்சு வரைக்குந்தான். வெள்ளத் துணியோட எறக்குனது தெரிஞ்சுது. எல்லாரும் குனிஞ்சு கையால மண்ணு அள்ளிப் போட்டது தெரிஞ்சுது. அப்பத்தான் பட்டன அமுக்கிப் புடிச்சேன்.”

“அண்ணா” என்று என்னைக் கூப்பிட்டாள். “நம்ம அத்தா மௌத்தானப்ப நானும் அம்மாவும் எங்க நின்னோம்?”

எனக்கு முதலில் புரியவில்லை. பிறகு புரிந்தது. எங்கள் ஊரில் பெண்கள் கபர்ஸ்தானுக்குள் போவதில்லை. ஆண்கள் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விடுவோம். அவர்கள் முக்காட்டை இழுத்துப் பிடித்துக்கொண்டு மதிலுக்கு வெளியே ரோட்டோரம் நிற்பார்கள். இறைவனிடம் துஆ கேட்பதும் அங்கிருந்துதான், அழுவதும் அங்கிருந்துதான். அத்தாவை அடக்கம் பண்ணிவிட்டு வெளியே வந்தபோது இவள் அங்கே நின்றதைப் பார்த்திருக்கிறேன். பார்த்தும் அதைப் பற்றி ஒரு நாளும் யோசித்ததில்லை.

“என்ன ஷார்ஜாவுக்கே கூட்டினு போயிருந்தாலும் அந்தச் செவத்தாண்டதான நிக்க வெச்சிருப்பீங்க?” என்றாள். “இவரு தப்பா ஒண்ணும் பதியல. அது நான் நிக்க வேண்டிய எடம். எனக்குப் பதிலா இவரு நின்னிருக்காரு.”

சரத்குமார் இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டு குலுங்கி அழுதான். அவனைக் கடை வாசலில் நிறுத்தி நான் சொன்ன வார்த்தைகள் ஒவ்வொன்றும் எனக்குத் திரும்பக் கேட்டது.

“அழாதீங்க” என்றாள் ஜுவைரியா. “அங்க நின்னுக்கினு என்னென்னா பாத்தீங்களோ எல்லாத்தையும் எனக்குச் சொல்லுங்க. வேன் கதவத் தொறந்ததுலேருந்து சொல்லுங்க.”

அவன் சட்டைக்கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு ஆரம்பித்தான். ஜெயினம்பு மாமி அடுப்பை அணைத்துவிட்டு வந்து திரையை ஒட்டித் தரையில் உட்கார்ந்தார். யார் யார் தூக்கினார்கள், முன்னால் தோள் கொடுத்தவர் எவ்வளவு வயசானவர், காற்றில் துணியின் ஓரம் எப்படி எழும்பியது, அதை ஒரு பாகிஸ்தான்காரர் எப்படிக் குனிந்து சரிசெய்தார் என்று ஒவ்வொன்றாகச் சொன்னான். இறக்குகிற இடம் வந்ததும் உள்ளே விசும்பல் கேட்டது. அவன் பேச்சை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தான்.

“நிறுத்தாதீங்க” என்றாள் அவள். “நான் பாத்துக்கினு இருக்கேன், சொல்லுங்க.”